நாற்பத்தைந்திலிருந்து நாற்பத்தெட்டு வரை

என் வீட்டுக்காரர் கிருபாநிதிக்கு ஒரு வழக்கம் உண்டு. மணிக்கு இரண்டு தடவை, கால் மணி ஆனதும் மூன்று நிமிடம், முக்கால் மணி ஆனதும் மூன்று நிமிடம், வாயை மூடிக்கொண்டு உட்கார்ந்துவிடுவார். சாப்பாட்டு நேரமென்றால் பிசைந்த சோறு கையிலேயே இருக்கும். சண்டை நேரமென்றால் நான் ஒருத்தி மட்டும் கத்திக்கொண்டிருப்பேன். முப்பத்தைந்து வருஷம் இந்த மனிதரோடு குடும்பம் நடத்தியிருக்கிறேன். சொல்லுங்கள், பாதிச் சண்டையில் எதிராளி மௌனத்துக்குள் போய் உட்கார்ந்துகொண்டால் ஒரு பொம்பளை என்னதான் செய்வாள்?

எங்கள் மகள் ஜெஸ்மிக்கு மாப்பிள்ளை பேசின அன்றைக்கு நடந்ததைக் கேளுங்கள். மாப்பிள்ளை வீட்டார் சாத்தான்குளம். கல்யாணம் அவர்கள் கோயிலில்தான் என்று சம்பந்தி ஒரே பிடி. என் ஊர் நாசரேத்தில்தான் என்று நான். "நீங்க என்ன சொல்லுதிய?" என்று சம்பந்தி இவரிடம் திரும்பியபோது மணி பதினொன்றே கால். இவர் அந்த மனிதரையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார். ஒரு நிமிடம் போயிற்று. இரண்டு நிமிடம் போயிற்று. சம்பந்திக்கு வேர்த்துவிட்டது. "சரி, சரி, நாசரேத்துலயே வச்சிக்கிடுவோம், இதுல என்ன இருக்கு," என்று இறங்கி வந்துவிட்டார். பதினெட்டாம் நிமிடத்தில் இவர் தொண்டையைச் செருமிக்கொண்டு, "எங்கன வச்சாலும் எனக்குச் சம்மதம்தான்," என்றார். கொன்றே போட்டிருப்பேன்.

கிறுக்கு என்று நினைத்துவிடாதீர்கள். அவர் கப்பலில் ரேடியோ ஆபீசராக இருந்தவர். பதினாறு வருஷம் சின்ன அறையொன்றில் உட்கார்ந்து, புள்ளியும் கோடுமாகத் தட்டித் தட்டி ஊர் உலகத்தோடு பேசினவர். அந்தக் காலத்தில் கப்பல்கள் ஆபத்தென்றால் கூப்பிடுவதற்கு ஒரே அலைவரிசைதான், ஐந்நூறு என்பார்கள். மற்ற நேரத்தில் அது சந்தைக்கடை. நூறு கப்பல்காரன் நூறு துறைமுகத்தைக் கூப்பிட்டுக்கொண்டிருப்பான். மூழ்குகிறவனிடம் அநேகமாக பேட்டரி மட்டும்தான் மிச்சம் இருக்கும். அவன் சத்தம் நூல் போலத்தான் வரும். சந்தைக்கடையில் அது யார் காதில் விழும்?

அதற்காக ஒரு சட்டம் வைத்தார்கள். மணிக்கு இரண்டு தடவை, மூன்று மூன்று நிமிடம், உலகத்திலுள்ள அத்தனை கப்பலும் அத்தனை கரை நிலையமும் மோர்ஸ் தட்டுகிற சாவியிலிருந்து கையை எடுத்துவிட வேண்டும். ஹெட்போனை மாட்டிக்கொண்டு கேட்க மட்டும் வேண்டும். ரேடியோ அறைக் கடிகாரத்திலேயே அந்த இரண்டு இடத்துக்கும் சிவப்புப் பூசியிருக்குமாம். "முன்னால கொடி இருந்துச்சு, வெளக்கு இருந்துச்சு, பீரங்கி இருந்துச்சு," என்பார் இவர். "கொடின்னா பாக்குறதுக்கு ஆள் வேணும். வெளக்குன்னா முழிச்சிருக்க ஆள் வேணும். கம்பியில்லாத் தந்தி வந்த பொறவுதான், பேசாம இருக்கவும் ஆள் வேணும்னு கண்டுபிடிச்சான்."

தொண்ணூற்றொன்பதில் சாட்டிலைட் வந்தது, மோர்ஸ் போயிற்று, இவர் தூத்துக்குடிக்கு வந்து ஒரு ஷிப்பிங் ஏஜென்டிடம் வேலைக்குச் சேர்ந்தார். வந்த முதல் வாரமே ஜெஸ்மியின் நகப்பூச்சை எடுத்து எங்கள் கூடத்துச் சுவர்க்கடிகாரத்தில் இரண்டு இடத்தில் சிவப்பாகப் பூசிவிட்டார். கப்பல் ரேடியோக் கடிகாரம் கிரீன்விச் நேரம், அதற்கும் நமக்கும் ஐந்தரை மணி நேரம் வித்தியாசமாயிற்றே, இது எப்படி ஒத்துப்போகும் என்று ஒருநாள் மடக்கினேன். "அரை மணி தள்ளுனா கால் போயி முக்காலாவும், முக்கால் போயி காலாவும். செவப்பு செவப்புலயேதான் விழும்," என்று சிரித்தார். அந்தக் கணக்கில் அவருக்கு அப்படியொரு ஆனந்தம்.

இப்போது என் கவலைக்கு வருகிறேன்.

ஜெஸ்மி பஹ்ரைனில் இருக்கிறாள். ஒரு கிளினிக்கில் லேப் டெக்னீஷியன். மாப்பிள்ளை டிக்சன் கடலுக்குள் எண்ணெய் எடுக்கிற மேடையில் வேலை பார்க்கிறார். மூன்று வாரம் அங்கே, ஒரு வாரம் வீட்டில். கல்யாணமாகி ஆறு வருஷம். மூன்று கிறிஸ்மஸாக அவள் ஊருக்கு வரவில்லை. வெள்ளிக்கிழமை நம் நேரம் நாலரைக்கு வாட்ஸ்அப்பில் கூப்பிடுவாள். இரண்டு மாதமாகக் கேமராவைப் போடுவதில்லை. கேட்டால் "நெட் சரியில்லம்மா" என்பாள். குரலைக் கேட்டால் வெறுந்தரையில் படுத்துக்கொண்டு பேசுகிறவள் குரல் மாதிரி இருக்கிறது. "ஏளா, நல்லாயிருக்கியா?" என்றால் "நல்லாயிருக்கேம்மா." டிக்சனைக் கேட்டால் "நல்லாத்தான் இருக்கா அத்தை." எல்லாரும் நல்லாயிருக்கிறார்கள், எனக்கு மட்டும் சோறு இறங்கவில்லை.

என் மகளுக்கு என்னவோ ஆகிவிட்டது. என்ன என்று தெரியவில்லை. தெரிந்தாக வேண்டும். இரண்டு மாதமாக என் ஜெபமெல்லாம் இது ஒன்றுதான்.

ஒரு வெள்ளிக்கிழமை பேசி முடித்துப் போனை வைத்தேன். இவர் பக்கத்து நாற்காலியில் இருந்தார். கையில் ஒரு பழைய டைரி. "இன்பம், நீ அவளப் பேசவே விடலளா," என்றார்.

எனக்கு எங்கிருந்துதான் வந்ததோ அப்படியொரு கோபம். "நானா? நானா விடல? நான் பேசாம வேற யாரு பேசுவா, நீங்களா? பெத்த அப்பன், 'சாப்பிட்டியா'ன்னு ஒரு வார்த்த கேட்டு போனை எங்கிட்ட நீட்டிட்டு, வாயில கொழுக்கட்டைய வச்சிருக்கிய. அந்தப் பிள்ளை அங்கன தனியா கெடக்கு. ஊர்ச் சங்கதி நாலு சொன்னாத்தான அதுக்கும் ஒரு ஆறுதலா இருக்கும்?" இன்னும் என்னென்னவோ சொன்னேன். முப்பது வருஷம் எட்டாம் வகுப்புப் பிள்ளைகளுக்குச் சமூக அறிவியல் நடத்தின தொண்டை. கீழ் வீடு வரைக்கும் கேட்டிருக்கும்.

அவர் டைரியை என் மடியில் வைத்தார்.

கப்பலில் லாக் எழுதுவார்கள். எந்த நிமிடத்தில் யார் கூப்பிட்டான், என்ன சொன்னான், எது கேட்டது, எது பாதியில் நின்றது, எல்லாவற்றுக்கும் ஒவ்வொரு வரி. இந்த மனிதர் ஐந்து வாரமாக என் போன் பேச்சுக்கு லாக் எழுதியிருக்கிறார்! அச்சு மாதிரி கையெழுத்து.

"4.33. ஜெஸ்மி: அம்மா, ஒரு காரியம். இன்பம் குறுக்கே. மீன் விலை."

"4.41. ஜெஸ்மி: அம்மா, அது வந்து. இன்பம் குறுக்கே. ஜெயபாய் மகள் நிச்சயதார்த்தம்."

"4.46. இன்பம்: விசேஷம் உண்டா? பதிலுக்கு நிற்கவில்லை. பாஸ்டர் மாற்றல்."

"4.52. ஜெஸ்மி மூச்சு இழுத்தாள். இன்பம் குறுக்கே."

பக்கத்தைத் திருப்பினேன். போன வாரமும் அப்படித்தான். அதற்கு முந்தின வாரமும் அப்படித்தான். ஐந்து வாரத்தில் என் மகள் பதினோரு தடவை "அம்மா" என்று ஆரம்பித்திருக்கிறாள். பதினோரு தடவையும் நான் குறுக்கே விழுந்திருக்கிறேன். எனக்கு ஒன்றுகூட நினைவில்லை.

அவமானத்தில் முகம் சுட்டது. சுட்டதும் மறுபடியும் அவர் மேல்தான் பாய்ந்தேன். "போலீஸ்காரன் மாதிரி எழுதி வச்சிருக்கியளே, அந்நேரமே போனைப் பிடுங்கி 'நிறுத்துளா'ன்னு சொன்னா என்ன?"

"ரெண்டு பேரு ஒரே நேரத்துல அனுப்புனா ஒண்ணும் கேக்காது. நானும் சேந்தா மூணு பேரு," என்றார். பிறகு, கடிகாரத்தைப் பார்க்காமல் தரையைப் பார்த்துக்கொண்டே சொன்னார். "உங்கிட்ட ஒண்ணு சொல்லல. அவ பிறந்த அன்னைக்கி நடந்தது."

ஜெஸ்மி பிறந்தது தொண்ணூற்றிரண்டு ஆகஸ்ட். இவர் கப்பல் அரபிக்கடலில் பம்பாயை நோக்கி வந்துகொண்டிருந்தது. தென்மேற்குக் காற்று, மலை மலையாக அலை. பெண் குழந்தை, தாயும் சேயும் நலம் என்று நாசரேத்திலிருந்து என் அப்பா அடித்த தந்தி பம்பாய் ரேடியோ என்கிற கரை நிலையம் வழியாக இவருக்குப் போய்ச் சேர்ந்தது. பதில் அனுப்ப வேண்டும். அந்தச் சந்தோஷத்தில் இவர் கடிகாரத்தைப் பார்க்கவில்லை. பதினாறாம் நிமிடத்தில் சாவியில் கையை வைத்து, பம்பாய் ரேடியோ, பம்பாய் ரேடியோ என்று மூன்று தடவை கூப்பிட்டுவிட்டார். கூப்பிட்ட பிறகுதான் சிவப்பு கண்ணில் பட்டது.

"பத்தொம்பதாவது நிமிஷம் ஒரு கிரேக்கக் கப்பல்காரன் எல்லாரையும் கூப்பிட்டுக் கேட்டான். பதினாறுல ஏதோ மெல்லிசா வந்துச்சு, அதுக்கு மேல ஒருத்தன் ஏறிட்டான், யாருக்காவது கேட்டுச்சான்னு. யாருக்கும் கேக்கல. பொறவு வரவே இல்ல. அது ஆபத்துல இருந்தவனா, வெறும் இடிமின்னல் கரகரப்பா, இன்னைக்கு வரைக்கும் எனக்குத் தெரியாது இன்பம்."

அவர் அனுப்பின அந்தப் பதில் தந்தியை நான் நாசரேத் முழுக்கக் காட்டியிருக்கிறேன். சபையில் வாசிக்கச் சொல்லியிருக்கிறேன். என் மனிதர் நடுக்கடலிலிருந்து எப்படிப் பதில் போட்டார் பாருங்கள் என்று பெருமை அடித்திருக்கிறேன்.

"அப்போ என் பிள்ளை பிறந்ததுதான் பாவம்னு சொல்லுதியளா?" என்று கேட்டேன். என் வாய் அப்படி.

"சேச்சே. நான் சந்தோஷத்துல கத்துனேன், அம்புட்டுத்தான். நீ பிரியத்துல பேசுத. மெல்லிசா கூப்பிடுறவனுக்கு ரெண்டும் ஒண்ணுதான்," என்றார்.

அன்று ராத்திரி சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டேன். அவர் பேச்சு எனக்குப் பிடிக்கவில்லை.

மறுநாள் சாயங்காலம் மாடியில் துணி எடுக்கப் போனேன். இவர் கைப்பிடிச் சுவரோரம் நின்றிருந்தார். நாலே முக்கால். நானும் பக்கத்தில் போய் நின்றேன், நானும் மூன்று நிமிடம் இருந்து பார்க்கிறேன் என்று. இதிலென்ன பெரிய வித்தை? நாற்பது விநாடி ஆகியிருக்கும். "பால்காரன் வந்தானா?" என்று கேட்டுவிட்டேன். அவர் கண்ணை மூடிக்கொண்டு சிரித்தார். ஐந்தே காலுக்கு மறுபடியும் நின்றேன். இந்தத் தடவை ஒரு நிமிடம் தாண்டினேன். வாய்க்குள் வார்த்தைகள் முண்டியடித்துக்கொண்டு வந்தன. பேசாமல் இருப்பது இவ்வளவு வேலையா? தோள்பட்டையெல்லாம் வலித்தது.

கீழ் வீட்டில் பவுல் இருக்கிறார். சங்கு எடுக்கப் போகிற படகில் மேலே நின்று, கடலுக்குள் மூழ்குகிறவனுக்குக் கயிறு பிடிக்கிறவர். முத்துக்குளித்த காலத்திலிருந்து அவர்கள் குடும்பத்துக்கு அதுதான் வேலை. படகிலிருந்து வந்தால் வாய் ஓயாது மனிதருக்கு. தண்ணீர் பிடிக்கப் போனபோது, "படகுல எப்படி பவுல் வாயை வச்சிக்கிட்டுச் சும்மா இருக்கிய?" என்று கேட்டேன். "பேசுனா கை மறந்துரும் டீச்சர். கீழ இருக்கவன் ஒரு இழுப்புத்தான் இழுப்பான். அத விட்டுட்டா அடுத்த இழுப்பு உண்டுமா, கிடையாதான்னு யாருக்குத் தெரியும்?" என்று குடத்தை நிமிர்த்தி வைத்தார். எல்லாரும் சேர்ந்து எனக்கே பாடம் எடுக்கிறார்களே என்று எரிச்சலாக வந்தது.

ஆனாலும் விடவில்லை. புதன்கிழமை என்று நினைக்கிறேன், முதல் தடவையாக மூன்று நிமிடமும் இருந்தேன். வெயில் இறங்கி, காற்று உப்பாக வீசிக்கொண்டிருந்த நேரம். முதலில் என் மூச்சுதான் கேட்டது. பிறகு கொடியில் துணி படபடக்கிற சத்தம். பிறகு மாதா கோயில் மணி, அதற்குப் பின்னால் பழைய துறைமுகத்தில் தோணிக்கு மூட்டை ஏற்றுகிறவர்களின் குரல், அதற்கும் பின்னால் வெளித்துறைமுகத்தில் ஒரு கப்பல் நீளமாக ஊதியது. ஊதி முடித்ததும் அதற்கு அடியில் வேறொன்று. என்னவென்று முதலில் பிடிபடவில்லை. ஓயாமல், யாரோ பக்கத்து அறையில் தூங்குகிற மாதிரி. கடல்தான். இருபத்தாறு வருஷமாக இந்த வீட்டில் இருக்கிறேன். இந்த மாடியில் நின்றால் கடல் கேட்கும் என்பது எனக்குத் தெரியவே தெரியாது.

நான் நின்றுகொண்டே கனவு கண்டேனா என்று தெரியவில்லை. கண்ணுக்கெட்டிய வரைக்கும் கப்பல்கள் நின்றன. ஒவ்வொன்றிலும் ஒரு சின்ன அறை, ஒரு மஞ்சள் விளக்கு, கையை மடியில் வைத்துக்கொண்டு ஒரு மனிதன். கிரேக்கன், ஜப்பான்காரன், நம்மூர்க்காரன். ஒருத்தனை ஒருத்தன் பார்த்ததில்லை. ஆனால் அத்தனை பேரும் ஒரே நேரத்தில், முன்பின் தெரியாத ஒருவனுக்காக மூச்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார்கள். கடல் முழுக்க ஒரு பெரிய கோயில் மாதிரி அமைதியாக இருந்தது. எனக்குக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. இந்த மனிதர் பதினாறு வருஷம் தினமும் இதற்குள் போய் வந்திருக்கிறார், நான் அதைக் கிறுக்கு என்று சொல்லியிருக்கிறேன்.

"நேரம் ஆயிட்டு," என்று அவர் மெதுவாகச் சொன்னார். எனக்குத் திரும்பி வர மனசில்லை.

வெள்ளிக்கிழமை வந்தது. நாலு மணிக்கே போனைச் சார்ஜில் போட்டு, எதிரே உட்கார்ந்துவிட்டேன். நாலரைக்கு மணி அடித்தது. படம் இல்லை, குரல் மட்டும். "அம்மா."

பயத்தில் நான் வழக்கத்தைவிட அதிகமாகப் பேசினேன். ஸ்தோத்திரப் பண்டிகைக்கு யார் யார் வந்தார்கள், யார் என்ன சேலை கட்டினார்கள், காணிக்கைப் பொருள் ஏலத்தில் பலாப்பழத்தை யார் எடுத்தார்கள். பேசும்போதே தெரிகிறது, நிறுத்த முடியவில்லை. இவர் பக்கத்தில் டைரியோடு உட்கார்ந்திருந்தார், ஆனால் எழுதவில்லை. முள் சிவப்பைத் தொட்டது. பலாப்பழத்தைப் பாதியில் விட்டுவிட்டு வாயை மூடிக்கொண்டேன்.

"அம்மா? கேக்குதா? லைன் போயிட்டா?"

உதட்டைப் பல்லால் கடித்துக்கொண்டேன்.

"ஹலோ... ஓ. அங்க நாலே முக்காலா?" லேசாகச் சிரித்தாள். "அப்பாவா? அப்பாட்டயா போனைக் கொடுத்துட்ட?" கொஞ்சம் இடைவெளி. "இல்லியே. உன் வளையல் சத்தம் கேக்குதே. அம்மா, நீயா பேசாம இருக்க?"

நான்தான் என்று சொல்லத் தொண்டை வரைக்கும் வந்தது. இவர் என் கையைப் பிடித்துக்கொண்டார்.

பிறகு அவளும் பேசவில்லை. அங்கே ஏசி ஓடுகிற சத்தம் கேட்டது. எங்கோ ஒரு குழாய் சொட்டிக்கொண்டிருந்தது. என் மகள் மூச்சு விடுவது கேட்டது. பிறந்த அன்றைக்கு அவள் மூச்சைக் காது வைத்துக் கேட்டதற்குப் பிறகு இப்போதுதான் கேட்கிறேன். சீராக இல்லை. இழுத்து, நிறுத்தி, மெதுவாக விட்டாள்.

"சின்னப் பிள்ளையில அப்பாட்ட இப்பிடித்தான் சொல்லுவேன்," என்றாள். "கிளாச ஒடச்சது, கணக்குல ஃபெயில் ஆனது எல்லாம். இந்த மூணு நிமிஷத்துலதான் சொல்லுவேன். அவரு ஏச முடியாதுல்லா."

இவர் என்னைப் பார்க்கவில்லை.

"அம்மா, நான் வேலைக்குப் போகல. மூணு மாசமாச்சு. விசேஷம் உண்டா, விசேஷம் உண்டான்னு கேப்பியே. இருந்துச்சும்மா. நாலாம் மாசம் கலைஞ்சு போயிட்டு. அதுக்கு முந்தின வருஷமும் ஒண்ணு போச்சு. அத டிக்சன்கிட்ட சொல்லி அழுதேன். இதச் சொல்லல, மொதல்ல நிக்கட்டும்னு பாத்தேன். அவரு கடல்ல இருந்தாரு. ஆஸ்பத்திரிக்குத் தனியா போயி, தனியா வந்தேன்."

இவர் கையை இறுக்கிப் பிடித்துக்கொண்டேன். மகளே, மகளே என்று நெஞ்சு அடித்துக்கொண்டது.

"பகல்லயும் திரைய மூடி வச்சிருக்கேன். தூங்குதேனா முழிச்சிருக்கேனான்னு தெரியல. நேத்து..." நின்றாள். குழாய் சொட்டியது. "நேத்து பால்கனிக் கதவப் பூட்டி, சாவிய நாலு கதவு தள்ளி ருகையா லாத்தாட்ட கொடுத்துட்டு வந்தேன். காயல்பட்டினத்துக்காரங்க, அக்கா மாதிரி, நல்லவங்க. எதுக்குன்னு கேட்டாங்க. சும்மா வச்சிருங்க, நான் கேட்டாலும் தராதியன்னு சொல்லிட்டேன். இது ஏழாவது மாடிம்மா."

மூன்று நிமிடம் முடிந்துவிட்டது. இவர் சொல்லவில்லை, நானும் பார்க்கவில்லை. அவளிடம் இன்னும் இருந்தது. டாக்டர் என்ன சொன்னார், டிக்சனின் அம்மா போனில் என்ன சொன்னார், குழந்தைக்கு என்ன பெயர் நினைத்திருந்தாள், எல்லாம். எத்தனை நிமிடம் பேசினாளோ தெரியாது. அவளாக நிறுத்தும் வரைக்கும் கேட்டுக்கொண்டே இருந்தேன். என் ஆயுசில் நான் அவ்வளவு நேரம் பேசாமல் இருந்தது அன்றைக்குத்தான்.

"அம்மா, லைன்ல இருக்கியா?"

சொல்ல எவ்வளவோ வந்தது. ஏன் சொல்லவில்லை என்று கத்த வந்தது. இவர் டைரியில் பெரிதாக எழுதிக் காட்டினார்: கேட்டுவிட்டது என்று சொல். யார் பக்கத்தில்? போனை வைக்கவிடாதே.

"கேட்டுட்டேன் மக்ளே," என்றேன். "எல்லாம் கேட்டுட்டேன். நாங்க ரெண்டு பேரும் அங்க வாரோம். இப்ப நீ போனை வைக்காம எந்திரி. ருகையா வீட்டுக்குப் போ."

"இப்பவா?"

"இப்பத்தான். செருப்பப் போடு."

இவர் தன் போனில் டிக்சனின் கம்பெனி நம்பரைத் தேடிக்கொண்டே கூடத்துக்கு அந்தப் பக்கம் போனார். போனில் ஜெஸ்மியின் கட்டில் கிறீச்சிட்டது. கால் தரையில் உரசுகிற சத்தம். கதவு திறந்தது. பிறகு நின்றுவிட்டாள்.

"அம்மா, வெளிய ஒரே வெளிச்சமா இருக்கு. ஆளே இல்ல. பயமா இருக்கும்மா. நீ ஏதாவது பேசேன்."

"என்னத்தப் பேச?"

"எதாவது. எப்பவும் பேசுவியே. நிறுத்தாம பேசு."

பேசினேன். என்ன பேசினேன் என்று கேட்காதீர்கள். மாடியில் துணி காய்கிறது, மழைக்கு இருட்டிக்கொண்டு வருகிறது, பவுலுக்குப் பல்வலி, முருங்கை மரத்தில் கம்பளிப்பூச்சி, பாஸ்போர்ட் பீரோவில் எங்கேயோ இருக்கிறது, தேடவேண்டும். "எத்தன கதவு தாண்டிட்ட?" "ரெண்டும்மா." "நட, நட. அப்பாக்கு ஒரு நல்ல பேன்ட் கிடையாது, அங்க வரணும்னா தைக்கணும். இப்ப?" "மூணு." அழுகை முட்டிக்கொண்டு வந்தது. அழுதால் பேச்சு நின்றுவிடுமே என்று விழுங்கிக்கொண்டு பேசினேன். அழைப்பு மணி அடித்தது. கதவு திறந்தது. "என்னம்மா இது, என்ன கோலம், வா, உள்ள வா," என்று ஒரு பெண்ணின் குரல். அதற்குப் பிறகு போன் எங்கேயோ மெத்தென்று விழுந்த சத்தம்.

என் மகள் வாய்விட்டு அழுவது தூரத்தில் கேட்டது. அந்தப் பெண் தட்டிக்கொடுப்பதும் கேட்டது. அந்தப் பக்கம் போனைக் காதில் வைத்திருக்க யாரும் இல்லை. நிறுத்தாமல் பேசு என்று அவள் சொல்லியிருந்தாள். நான் பேசிக்கொண்டே இருந்தேன்.